அடுக்களையில் கேட்ட ராதிகா

ராதிகாவைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் இரண்டு கட்சி. ஒரு கட்சிக்கு அவர் 'கிழக்கே போகும் ரயில்' பாஞ்சாலி. 1999-ல் சீரியலுக்குப் போனதோடு அவருடைய கலை முடிந்துவிட்டது, அதற்கப்புறம் வெறும் வியாபாரம். இன்னொரு கட்சிக்கு அவர் 'சித்தி' சாரதா. அதற்கு முந்தைய இருபது வருஷ சினிமா ஒரு நீண்ட முன்னுரை, அவ்வளவுதான். நான் ரொம்ப நாள் முதல் கட்சியில் இருந்தவன். அதுவும் கொஞ்சம் திமிரோடு இருந்தவன். இப்போது இரண்டிலும் இல்லை. ஏன் இல்லை என்பதை எழுதிப் பார்க்கலாம் என்று இரண்டு மாதமாக ராத்திரியில் பழைய படங்களையும் பழைய எபிசோடுகளையும் மாற்றி மாற்றிப் பார்த்துக்கொண்டிருந்தேன். அதில் சேர்ந்த குறிப்புகள்தான் இது.

முதலில் ஒரு சின்னப் பரிசோதனை. எங்கள் வேலையில் ஒரு சிஸ்டம் எதனால் ஓடுகிறது என்று புரியாவிட்டால், ஒவ்வொரு பாகமாகக் கழற்றிவிட்டு எது போனால் எல்லாம் நிற்கிறது என்று பார்ப்போம். அதையே 'சித்தி'யிடம் செய்தேன். யூட்யூபில் கிடைக்கிற எபிசோடுகளில் நடுவிலிருந்து மூன்றை எடுத்துக்கொண்டு, லேப்டாப் திரையைத் துண்டால் மூடிவிட்டுக் கேட்டேன். யார் உள்ளே வருகிறார், யார் கோபமாக இருக்கிறார், யார் பொய் சொல்கிறார், யாருக்கு அந்தப் பொய் தெரியும் என்று எல்லாமே விளங்கியது. எதுவும் குறையவில்லை. பிறகு துண்டை எடுத்துவிட்டு ஒலியை அணைத்துப் பார்த்தேன். ஒரு பெண்மணி ஹாலில் நிற்கிறார். இன்னொருவர் மாடிப்படியில் நிற்கிறார். கேமரா இவர் முகத்துக்குப் போகிறது, அவர் முகத்துக்குப் போகிறது, திரும்ப இவர் முகத்துக்கு வருகிறது. என்ன நடக்கிறது என்று தெய்வத்துக்குத்தான் வெளிச்சம்.

அடுத்து 'கிழக்கே போகும் ரயில்'. ஒலி இல்லாமல் பார்த்தால் கிட்டத்தட்ட முழுக் கதையும் தெரிகிறது. பட்டணத்துக்குப் போன காதலனுக்காக ஒரு கிராமத்துப் பெண் ரயிலின் கடைசிப் பெட்டியில் எழுதி அனுப்புகிறாள். பதில் அதே பெட்டியில் வருகிறதா என்று தண்டவாளத்தோரம் ஓடுகிறாள். இதற்கு வசனம் எதற்கு? திரையை மூடிவிட்டுக் கேட்டால் இளையராஜா மட்டும் மிஞ்சினார்.

ஆக, ஒரே நடிகை, இரண்டு வேறு ஊடகம் என்று சொல்வது கூடப் போதாது. ஒன்று பார்க்கிற சாமான், மற்றது கேட்கிற சாமான். தமிழ் மெகா சீரியல் என்பது படம் வைத்த ரேடியோ நாடகம். ராதிகா அதன் ராணியானதற்குக் காரணம் அவருடைய முகமோ, நட்சத்திர அந்தஸ்தோ, வியாபார புத்தியோ முதலில் இல்லை, குரல்தான் என்பது என் வாதம். அந்தக் குரல் என்ன கொடுத்தது, பதிலுக்கு எதை எடுத்துக்கொண்டது என்பதுதான் நான் பார்க்க விரும்புகிற கணக்கு.

இது என்னுடைய கண்டுபிடிப்பு என்று காலரைத் தூக்கிவிட்டுக்கொள்ள முடியாது. எங்கள் ஆச்சிக்கு இது அப்போதே தெரியும்.

ஆச்சி என்றால் அப்பாவைப் பெற்ற ஆச்சி இல்லை. அப்பாவுக்கு நாலு வயசில் அம்மா இறந்துபோக, பிள்ளையைப் பார்த்துக்கொள்ள வேண்டுமே என்று செத்துப்போன அக்காவின் இடத்தில் தங்கையைக் கட்டிவைத்தார்கள். அந்தக் காலத்தில் சாதாரணமாக நடந்ததுதான். அதனால் அவர் அப்பாவுக்கு இரண்டு கணக்கிலும் சித்தி: அம்மாவின் தங்கை, அப்பாவின் இரண்டாம் தாரம். அப்பாவை வளர்த்து, படிக்கவைத்து, கல்யாணம் பண்ணிவைத்தது அவர்தான். ஆனால் கல்யாணப் பத்திரிகையில் அச்சானது இறந்துபோன அக்காவின் பெயர். அதைப் பற்றி ஆச்சி ஒரு வார்த்தை பேசி நாங்கள் கேட்டதில்லை. பொதுவாகவே பேசாத மனுஷி.

'சித்தி' 1999 டிசம்பரில் சன் டிவியில் ஆரம்பித்து 2001 நவம்பர் வரை ஓடியது. 400-க்கும் மேற்பட்ட எபிசோடுகள். நான் அப்போது இன்ஜினியரிங் படித்துக்கொண்டிருந்தேன். லீவுக்குப் பாளையங்கோட்டை வந்தால், தினா இசையில் நித்யஸ்ரீ பாடிய அந்தத் தலைப்புப் பாட்டு எங்கள் தெரு முழுக்க ஒரே நேரத்தில் கேட்கும். டிவி ஹாலில். ஆச்சி அடுக்களை வாசல்படியில். இரண்டு கண்ணிலும் புரை விழுந்திருந்தது. ஆபரேஷனுக்குப் பயந்து தள்ளிப்போட்டுக்கொண்டே இருந்தார். பூண்டு உரித்தபடி கேட்பார். "ஹாலுக்கு வந்து உட்காருங்க ஆச்சி" என்றால், "எனக்கு இங்கயே கேக்குதுல" என்பார். கேட்கிறது என்பார், தெரிகிறது என்று சொன்னதே இல்லை. நான் இதையெல்லாம் அன்றைக்குக் கவனித்தவன் இல்லை. சோபாவில் சாய்ந்துகொண்டு, "ஒரு முகத்தை மூணு தடவ காட்டுதானுவ பாரு" என்று நக்கல் பண்ணுகிற கும்பலில் ஒருத்தன்.

ஒருநாள் சாரதா எதிரில் நின்றவர்களைப் பேசியே மடக்கி உட்காரவைத்தாள். விளம்பரம் வந்தது. ஆச்சி யாரிடம் என்றில்லாமல் சொன்னார்: "நல்லாத்தான் பேசுதா. நமக்கு அந்தானைக்கு வாய் வரலியே."

இந்தப் பதிவு அந்த ஒரு வாக்கியத்துக்கு நான் இத்தனை வருஷம் கழித்து எழுதுகிற உரை என்று வைத்துக்கொள்ளலாம்.

சரி, குரலுக்கு வருவோம். ராதிகா எம்.ஆர்.ராதாவின் மகள். இதைச் சொல்லாமல் அவரைப் பற்றி யாரும் எழுதுவதில்லை. ஆனால் சொல்லிவிட்டு அடுத்த வரிக்குப் போய்விடுகிறார்கள். எம்.ஆர்.ராதா என்றால் என்ன? 1954-ல் வந்த 'ரத்தக்கண்ணீ'ரைத் திரையை மூடிவிட்டுக் கேட்டுப் பாருங்கள். கரகரவென்று அடித்தொண்டையில் ஆரம்பித்த வாக்கியம் நடுவில் கீச்சென்று ஏறி, மறுபடி தரைக்கு வரும். ஒரே ஆள் ஒரே வாக்கியத்தில் இரண்டு பேராகப் பேசுவார். மைக் இல்லாத நாடகக் கொட்டகையில் கடைசி வரிசைத் தரை டிக்கெட்காரனுக்கும் போய்ச் சேர வேண்டும் என்று உருவான குரல் அது. தந்தையின் குரல் மகளுக்கு ரத்தத்தில் வந்தது என்றெல்லாம் நான் சொல்ல மாட்டேன். ராதிகாவின் பள்ளிப்படிப்பில் ஒரு பகுதி இலங்கையிலும் இங்கிலாந்திலும் நடந்தது. 1967-ல் எம்.ஜி.ஆரைச் சுட்ட வழக்கில் ராதா சிறைக்குப் போனபோது அவர் சின்னக் குழந்தை. 1978-ல் முதல் படம் வந்த அடுத்த வருஷமே அப்பா காலமாகிவிட்டார். பக்கத்தில் உட்கார்ந்து பாடம் கேட்டிருக்க வாய்ப்புக் கம்மி. ஆனால் குரல் தேய்மானம் கொண்டதாக, கொஞ்சம் கட்டையாக, சினிமா நாயகிக்கு எதிர்பார்க்கப்பட்ட தேன் குரலாக இல்லாமல் இருந்தால் அதற்காக வெட்கப்பட வேண்டியதில்லை என்பது அந்த வீட்டுப் பிள்ளைக்குத் தெரிந்திருக்கும்.

1980-களின் தமிழ்ப்பட நாயகிகளில் நிறையப் பேருக்கு இரவல் குரல். முகம் ஒருவர், குரல் ஒருவர். ராதிகா இதில் தலைகீழ்: அவர் தன் குரலைக் கடன் கொடுத்தவர். பாரதிராஜாவின் 'முதல் மரியாதை'யில் (1985) குயிலாக நடித்தது ராதா, பேசியது ராதிகா. அந்தப் படத்தைப் பத்துத் தடவை பார்த்தவர்கள் கூட இதைக் கேட்டால் ஒரு நிமிஷம் யோசிக்கிறார்கள். இளவட்டக்கல்லைத் தூக்க முடியுமா என்று மலைச்சாமியைச் சீண்டுகிற அந்தக் குரலை நினைத்துப் பாருங்கள். வயசான ஒரு மனுஷன் மறுபடி இளவட்டமாகிற அளவுக்கு அதில் ஒரு கேலி, ஒரு உரிமை. பக்கத்தில் பொன்னாத்தாவாக வடிவுக்கரசியின் வசவு. இந்த இரண்டு பெண் குரல்களுக்கு நடுவில்தான் சிவாஜி அந்தப் படத்தில் அவ்வளவு அடக்கமாக இருக்க முடிகிறது. ராதிகாவின் சிறந்த நடிப்புகளைப் பட்டியல் போடுகிறவர்கள் இதைச் சேர்ப்பதில்லை, அவர் திரையில் இல்லையே என்று. என் பட்டியலில் இது முதல் ஐந்துக்குள்.

ஆனால் விஷயம் என்னவென்றால், அவரைத் திரையில் வைத்த நல்ல இயக்குநர்கள் பெரும்பாலும் அந்தக் குரலைக் கட்டுப்படுத்தித்தான் வைத்தார்கள். பாக்யராஜின் 'இன்று போய் நாளை வா'வில் (1981) மூன்று பையன்கள் அவர் வீட்டைச் சுற்றிச் சுற்றி வந்து கோமாளித்தனம் பண்ணுகிறார்கள். ராதிகா செய்வது பார்ப்பது மட்டும்தான். இவனுக்கு இது தெரியுமா, அவன் சொல்வது பொய்யா என்று எடைபோடுகிற ஒரு பார்வை, உதட்டோரம் வந்து அமுங்கிவிடுகிற ஒரு சிரிப்பு. அந்தப் பார்வை இல்லையென்றால் பாதிச் சிரிப்பு நமக்கு வராது. மகேந்திரன் 'மெட்டி'யில் (1982) அவரை வைத்தார். மகேந்திரன் படத்தில் யாருக்குத்தான் வசனம் கிடைத்தது? கே.விஸ்வநாத்தின் தெலுங்குப் படம் 'ஸ்வாதி முத்யம்', நமக்கு 'சிப்பிக்குள் முத்து'. அதில் சின்ன மகனோடு நிற்கும் இளம் விதவை. வெகுளியான ஒருவன் கோயிலில் திடீரென்று தாலி கட்டிவிடுகிறான். கமல் அந்தப் படம் முழுக்கப் பேசிக்கொண்டும் ஓடிக்கொண்டும் இருக்கிறார், எல்லாரும் கமலைப் பற்றித்தான் எழுதினார்கள். அவன் யார், இவனை என்ன செய்வது, இது எனக்கு வரமா தண்டனையா என்று ஒரு பெண் பேசாமல் கணக்குப் போடுவதை நான் இப்போதுதான் ஒழுங்காகப் பார்த்தேன். அந்தப் படத்தின் நம்பகத்தன்மை அங்கே இருக்கிறது. அவள் அவனை நம்பினால்தான் நாம் நம்புவோம்.

அதோடு ஒரு உபகுறிப்பு. படவாய்ப்பு குறைந்ததும் பணம் பண்ண டிவிக்குப் போனார், அங்கே போய்த் தயாரிப்பாளரானார் என்று ஒரு கதை சுற்றுகிறது. தேதிகளைப் பார்த்தால் ஒத்துவரவில்லை. பிரதாப் போத்தன் இயக்கிய முதல் படம் 'மீண்டும் ஒரு காதல் கதை' 1985-ல் வந்தது. மனவளர்ச்சி குன்றிய இருவரின் காதல். தயாரித்தது ராதிகா. அறிமுக இயக்குநரின் சிறந்த படத்துக்கான இந்திரா காந்தி தேசிய விருது கிடைத்தது. இருபதுகளின் ஆரம்பத்தில், முன்னணியில் இருக்கும்போதே, ஓடாது என்று எவரும் சொல்லிவிடக்கூடிய ஒரு கதைக்குப் பணம் போட்டவர் அவர். ராடான் பின்னால் பங்குச் சந்தைக்குப் போன கம்பெனி ஆனதெல்லாம் அந்த குணத்தின் தொடர்ச்சி.

குரலை அவிழ்த்துவிட்டது யார் என்று தேடினால் நான் கலைஞர் கருணாநிதியைச் சொல்வேன். 'நீதிக்குத் தண்டனை' (1987), 'பாசப் பறவைகள்' (1988) இரண்டுக்கும் எழுதியவர் அவர். மூச்சு விடாமல் ஏறிப்போய்க் கடைசிச் சொல்லில் விழுகிற வாக்கியங்கள். அதைப் பேச ஆள் வேண்டும். 'பராசக்தி' காலத்தில் அந்த ஆள் சிவாஜி. 1980-களின் கடைசியில், பெண்களில், அதைத் தமிழ் உச்சரிப்போடும் மூச்சுக் கட்டுப்பாட்டோடும் பேசக்கூடியவராக ராதிகா இருந்தார். எம்.ஆர்.ராதாவின் நாடகக் கொட்டகை, திராவிட இயக்க வசனம் என்று இரண்டும் சேருகிற இடம் அது. பத்து வருஷம் கழித்து 'சித்தி'யில் வந்து உட்கார்ந்தது இந்த ராதிகாதான். பாஞ்சாலியும் இல்லை, 'இன்று போய் நாளை வா'வின் அந்தப் பெண்ணும் இல்லை.

ஏன் என்பதற்குக் கணக்கு எளிது. அன்றைய முறையில் தயாரிப்பாளர் சேனலிடம் நேரத்தை வாங்கி, அதில் வரும் விளம்பர நிமிஷங்களை விற்றுத்தான் போட்ட பணத்தை எடுக்க வேண்டும். வாரம் ஐந்து நாள் சரக்கு வந்தாக வேண்டும். ஒரு வாடகை பங்களா, இரண்டு அறை, ஒரு மாடிப்படி. மழை, கூட்டம், ரயில் எதற்கும் வழியில்லை. இருப்பதிலேயே மலிவான பிரம்மாண்டம் வசனம்தான். இரண்டு பேரை எதிரெதிரே நிறுத்திப் பேசவிட்டால் எபிசோடில் பாதி முடிந்துவிடும். எதிர்முனையில், பார்க்கிறவர்களில் பாதிப் பேர் தோசைக்கல்லுக்கு முன்னால் நிற்கிறார்கள். படத்தை மட்டும் நம்பினால் அவர்கள் கதையை விட்டுவிடுவார்கள். ஆக, எடுப்பவருக்கும் வசதி, கேட்பவருக்கும் வசதி. 'சித்தி'யில் நடித்த தீபா வெங்கட் பிற்பாடு நயன்தாராவின் தமிழ்க் குரலாக அறியப்பட்டார். இது தற்செயலாக இருக்கலாம். எனக்கென்னவோ அந்த வீட்டில் குரல் உள்ளவர்களுக்குத்தான் வேலை என்று தோன்றுகிறது.

இப்போது 'சித்தி' செய்த உண்மையான காரியம். தமிழில் சித்தி என்ற சொல்லுக்கு இரண்டு நிழல். அம்மாவின் தங்கை என்றால் செல்லம். அப்பாவின் இரண்டாம் மனைவி என்றால், கதைகளிலும் சினிமாவிலும், சூடு போடுகிறவள், சோறு போடாதவள். எத்தனை படங்களில் பார்த்திருப்போம்! அந்த இரண்டாவது சித்தியை நடுவில் நிறுத்தி, அவள்தான் நல்லவள் என்று வாரம் ஐந்து நாள் இரண்டு வருஷம் சொன்னது சின்ன விஷயம் இல்லை. சிவகுமார் அமைதியான கணவராக ஒதுங்கி நிற்க, பேச்சு முழுக்க அவள் கையில். மூத்தாள் பிள்ளையை வளர்த்த எத்தனை பெண்கள் அந்தக் காலத்தில் டிவி முன்னாலும் அடுக்களை வாசலிலும் உட்கார்ந்திருப்பார்கள்? அவர்களுக்காக யாரும் அதுவரை வாதாடியதில்லை. ஓர் ஆள் வாதாட வந்தார், அதுவும் அடித்தொண்டையிலிருந்து, கேட்காதவனுக்கும் கேட்கிற மாதிரி. 'சித்தி'யைக் கிண்டல் பண்ணிய எங்களுக்கு இது புரியாமல் போனதற்குக் காரணம், எங்களில் யாருக்கும் வாதாட ஆள் தேவைப்படவில்லை.

அந்தக் குரல் எடுத்துக்கொண்டது இதற்கு நேர் எதிர்ப்பக்கம். இவ்வளவு நன்றாகப் பேசுகிறவள் தப்புப் பண்ண முடியாது. நானூறு எபிசோடுக்கு ஒரு பெண் எப்போதும் நியாயத்தின் பக்கமே நின்றால் அவளிடம் நடிக்க என்ன இருக்கிறது? தடுமாற்றம், பொறாமை, களைப்பு, "இந்தப் பிள்ளை என் பிள்ளை இல்லையே" என்று ஒரு கணம் எழும் நினைப்பு எல்லாம் வில்லிகளிடம் போய்விட்டது. முகபாவமும் அவர்களோடு போய்விட்டது. நாயகிக்கு மிஞ்சியது தீர்ப்பு வாசிக்கிற குரல். 'அண்ணாமலை', 'செல்வி', 'அரசி', 'செல்லமே' என்று வரிசையாகப் பார்த்தால் பெயர் மாறுகிறது, புடவை மாறுகிறது, தீர்ப்பு மாறவில்லை. நல்ல நடிகை என்பதற்கு எனக்குத் தெரிந்த அளவுகோல், அவர் அடுத்து என்ன செய்வார் என்று தெரியாமல் இருப்பது. சீரியல் ராதிகாவிடம் அது தெரிந்துவிடும். தெரிய வேண்டும் என்றுதான் உட்கார்ந்திருக்கிறோம் என்பது வேறு விஷயம்.

இதை வைத்துத்தான் 1993-ல் வந்த 'கிழக்குச் சீமையிலே' விருமாயியை நான் உயரத்தில் வைப்பேன். ஒருபக்கம் உயிருக்கு உயிரான அண்ணன், விஜயகுமார். மறுபக்கம் கட்டிய கணவன், நெப்போலியன். இரண்டு வீட்டுக்கும் பகை முற்றுகிறது. விருமாயி யார் பக்கம் போனாலும் மற்றவருக்குத் துரோகி. எவ்வளவு நன்றாகப் பேசினாலும் ஜெயிக்க முடியாத இடம் அது. குரல் பாதியில் உடைகிறது, கெஞ்சுகிறது, ஒப்பாரியாகிறது. முப்பது வயதை ஒட்டிய ஒரு நடிகை, கல்யாண வயசுப் பிள்ளைக்குத் தாயாக, அழகு பற்றிய எந்தக் கவலையும் இல்லாமல். சாரதாவிடம் தோற்கிறவர்கள் எல்லாம் எதிரிகள். விருமாயியிடம் தோற்பது விருமாயிதான்.

'வாணி ராணி' (2013–2018) பற்றிக் கொஞ்சம் நியாயமாகச் சொல்ல வேண்டும். 1,700 எபிசோடுகளுக்கு மேல் போனதை முழுக்கப் பார்த்தேன் என்று பொய் சொல்ல மாட்டேன். அங்கங்கே எடுத்துப் பார்த்ததுதான். இரட்டைச் சகோதரிகள்: வாணி வக்கீல், ராணி குடும்பத் தலைவி. துண்டுப் பரிசோதனையை இங்கேயும் செய்தேன். திரையை மூடினாலும் பேசுவது வாணியா ராணியா என்று ஒரு வாக்கியத்தில் தெரிகிறது. வாணி வாக்கியத்தின் கடைசியில் கத்தரி வைக்கிறாள். ராணி கடைசிச் சொல்லைக் கொஞ்சம் இழுத்து, எதிரில் இருப்பவர் எடுத்துக்கொள்ளட்டும் என்று விடுகிறாள். ஐந்து வருஷம், தினசரிப் படப்பிடிப்பு, அதுபோகக் கம்பெனி நிர்வாகம், இதற்கு நடுவில் இந்த வித்தியாசத்தை விடாமல் பிடித்திருப்பது சும்மா இல்லை. அப்பா ஒரே வாக்கியத்தில் இரண்டு பேராகப் பேசியது ஞாபகம் வந்தது. ராணி இருந்ததால் வாணியின் தீர்ப்புக் குரலுக்கு வீட்டுக்குள்ளேயே ஒரு பதில் கிடைத்தது. சீரியல்களில் எனக்குப் பிடித்தது இதுதான்.

2020-ல் ஆரம்பித்த 'சித்தி 2' அந்த அளவுக்கு ஒட்டவில்லை. அடுத்த வருஷமே அவர் விலகினார், தொடர் அவர் இல்லாமல் ஓடியது. சினிமாப் பக்கம் 'நானும் ரவுடிதான்' (2015) போலீஸ் அம்மாவும், 'தர்மதுரை' (2016) பாண்டியம்மாவும் பழைய ஆளை ஞாபகப்படுத்தினார்கள். பாண்டியம்மா நியாயம் பேசவில்லை. ஒரு மகனைக் காப்பாற்ற மற்ற மகன்களை ஏமாற்றுகிறாள். பதினைந்து வருஷ சாரதாக்களுக்குப் பிறகு அவர் ஒரு பொய் சொல்வதைப் பார்க்க எனக்கு அவ்வளவு சந்தோஷமாக இருந்தது.

கடைசியாக ஒன்று. நடிப்பு இல்லை, ஆனால் இந்தக் கணக்கில் சேர வேண்டியது. 2019 டிசம்பரில் கலர்ஸ் தமிழில் 'கோடீஸ்வரி' ஆரம்பித்தது, பெண்கள் மட்டும் பங்கேற்கிற வினாடி வினா, நடத்தியவர் ராதிகா. 2020 ஜனவரியில் மதுரையைச் சேர்ந்த ஒரு பெண் 1 கோடி ரூபாய் ஜெயித்தார். அவருக்குக் காது கேட்காது, பேச்சும் கிடையாது. நான் அந்த எபிசோடை அப்போது செய்திக்காகப் பார்த்தேன்; இந்தப் பதிவுக்காக மறுபடி பார்த்தேன். ராதிகாவின் மூலதனம் எதுவோ அது அந்த நாற்காலியில் இருந்தவரிடம் செல்லாது. ஏற்ற இறக்கம், அடித்தொண்டை, நிறுத்தம் எதுவும் போய்ச் சேராது. இந்தப் பக்கம் இருப்பது உதட்டசைவும் முகமும்தான். ராதிகா நிதானமாகிறார். கேட்டுவிட்டு எதிரில் இருப்பவர் கண்ணைப் பார்க்கிறார், புரிந்ததா என்று. பதில் வருகிறவரைக்கும் காத்திருக்கிறார். அப்போது உதட்டோரம் ஒரு சிரிப்பு வந்து அமுங்குகிறது.

அதை நான் 1981 படத்தில் பார்த்திருக்கிறேன். அந்த இடத்தில் ஒலியை அணைத்துவிட்டு இன்னொரு தடவை ஓட்டிப் பார்த்தேன்.

ஆச்சி அதற்குப் பல வருஷம் முன்பே போய்விட்டார். 'சித்தி' முடிந்த அடுத்த வருஷம் ஒரு கண்ணுக்கு மட்டும் ஆபரேஷன் பண்ணிக்கொண்டார். பார்வை நன்றாகவே திரும்பியது. அதற்குப் பிறகும் சீரியல் நேரத்தில் ஹாலுக்கு வந்து உட்காரவில்லை. அடுக்களை வாசல்படிதான்.